கேசட்டின் முனை

பத்து காஜா ஊருக்குப் பக்கத்துத் தோட்டத்தில் ரப்பரை அழித்துச் செம்பனை நட்டுவிட்டார்கள். ரப்பர் ஷீட்டுகளுக்குப் புகைபோட்ட கொட்டகையில் இப்போது மூன்று பேர் ராக் வாசிக்கிறார்கள். தகரக் கூரை ஓட்டைகள் வழியே ஞாயிற்றுக்கிழமை வெயில் கரிச்சுவரில் காசு காசாய் விழுகிறது. அர்ச்சுனன் டேப் ரிக்கார்டரை மடியில் வைத்துப் பதிந்தபடி கேட்கிறான். ஈப்போ கேசட் கம்பெனிக்குப் புது ஆள் தேடுவது அவன் வேலை. கித்தாரை விட்டு ஒன்பது வருஷம். விரல் நுனிகளில் இருந்த காய்ப்பு போய்விட்டது. கம்பெனி கொடுத்திருப்பது ஒரே கேசட். தேறாத பாட்டின் மேலேயே அடுத்தவன் பாட்டைப் பதிய வேண்டும். எழுபத்து மூன்றில் அவன் குழு பதிந்த ஒரே பாட்டும் அப்படித்தான் அழிந்தது. மூவரில் கித்தார் வாசிக்கும் பத்துமலை கடைசிக் கம்பியை இழுத்து விடுகிறான். கோயில் கமிட்டியிடம் இரவல் வாங்கிய ஒலிபெருக்கி அலறி ஓய்கிறது.

“எப்படிண்ணே, எடுப்பாங்களா?”

“எடுக்க மாட்டாங்க. கம்பெனி மொதலாளி தவுக்கேக்குக் கித்தார்னாலே ஆகாது. கீபோர்ட வச்சு ஒருத்தன் பாடுனா போதும்பாரு.”

“அதுக்கா மூணு வாட்டி வாசிக்கச் சொன்னீங்க? விரலு தோலு போச்சுலா!”

அந்த விரல்களையே அர்ச்சுனன் பார்த்துக்கொண்டிருக்கிறான். பிறகு கேசட்டை வெளியே எடுத்து, அதன் முதுகிலுள்ள சின்னப் பிளாஸ்டிக் முனையை மோட்டார் சைக்கிள் சாவியால் நெம்பி உடைக்கிறான்.

“ஐயோ, ஒடஞ்சிருச்சுண்ணே!”

“நான்தான் ஒடைச்சேன். இனி இதுமேல எவனும் பதிய முடியாது. வச்சுக்க.”

நான்கு மணிக்குக் காம்பார் ஊரில் அடுத்த பாடகன் பதிவுக்குக் காத்திருப்பான். அர்ச்சுனன் காலி ரிக்கார்டரின் மூடியை அழுத்தி மூடுகிறான்.