இரண்டு மட்டைகள்

கல்லுமலை முருகன் மேல் ஆணை, இதில் ஒரு சொல்லும் பொய்யில்லை.

ஈப்போ விமான நிலையத்தில், இறங்கி வரும் விமானங்களுக்கு இரு கைகளிலும் சைகை மட்டைகளைப் பிடித்து வழிகாட்டி நிறுத்துபவர் மாசிலாமணி. அவர் மகள் தர்ஷினி விமானி. தன் கல்யாணப் பேச்சில் மூண்ட சண்டைக்குப் பிறகு அவள் அப்பாவோடு பேசுவதில்லை. ஆனால், வேலையில் அவர் 'நில்' என்று காட்டினால் நின்றாக வேண்டும். இருவருக்கும் மிச்சமிருந்த பேச்சு அவ்வளவுதான்.

அன்று இரவு, பக்கத்து ஊரான செமோரில் இருக்கும் வீட்டில் அவர் சாப்பிட உட்கார்ந்ததும் மனைவி செல்லாயி கேட்டாள்.

"மக இன்னிக்கு வந்துச்சா?"

"வந்துச்சாவா? ஜன்னலத் தொறந்து, பாதி உடம்ப வெளிய நீட்டி, 'அப்பா, சாப்டீங்களா'ன்னு கத்துச்சுலா! பயணிங்க எல்லாம் கைதட்டுனாங்க."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"கையிலதான் ரெண்டு மட்டை இருக்கே. ஒன்ன நெஞ்சில வச்சுக் காட்டுனேன். பிளேனே மூக்கத் தாழ்த்தி நின்னுச்சு."

"தீபாவளிக்கு வருமாமா?"

"கட்டைவிரலத் தூக்கிக் காட்டுச்சு. வரும்."

செல்லாயி சிரிக்காமல் அவர் தட்டில் இன்னொரு துண்டு மீன் வைத்தாள்.

மழையால் ஈப்போவில் இறங்க முடியாமல் விமானத்தைப் பினாங்குக்குத் திருப்பிவிட்டதாக, தர்ஷினி மாலையிலேயே அம்மாவுக்குப் போன் செய்து சொல்லியிருந்தாள்.