வேணியின் கைகள்
ஜன்னல் வெயில் நிலோஃபரின் திரையில் விழுந்து எழுத்துகளை மங்கலாக்குகிறது. காது கேளாதவர்களுக்காக அவள் திண்டிவனத்தில் நடத்தும் வீடியோ அழைப்புத் தளம், காலையில் செய்த அப்டேட்டில் நின்றுபோயிருக்கிறது. சர்வரில் பல செயலிகளும் பகிர்ந்துகொள்ளும் லைப்ரரி ஃபைல் ஒன்று அழிந்துவிட்டது. அது இல்லாமல் படம் வராது. மேசையிலிருக்கும் போனில் விழுப்புரம் ஆஸ்பத்திரி நர்ஸ் கத்துகிறாள்: "கொழந்த வாந்தி எடுத்துக்கினே இருக்குது. என்னத்தத் தின்னுச்சுன்னு அம்மாவக் கேட்டுச் சொல்லுங்க!" தாய் வேணிக்குக் காது கேட்காது, பேச்சு வராது, எழுதவும் தெரியாது. சைகை மொழி தெரிந்த தென்னரசு நாற்காலிக்குப் பின்னால் நிற்கிறான். "ஜல்தியா அனுப்புக்கா," என்கிறான். "ஏறிக்கினுதான் இருக்குதுடா." பழைய கணினியிலிருந்து அந்த ஃபைல் மெதுவாகச் சர்வருக்குப் போகிறது. போனில் குழந்தையின் அழுகை மெலிகிறது. நிலோஃபர் சர்வரை மறுபடி இயக்குகிறாள். கறுத்த திரையில் கட்டம் கட்டமாக வேணியின் முகம் கூடுகிறது. தென்னரசு கையால் கேட்கிறான். அவள் விரல்களைப் பூவாகக் குவித்து, கழுத்திலிருக்கும் மஞ்சள் கயிற்றைத் தொட்டுக் காட்டி, காயைப் பிளந்து விதை எடுப்பதுபோல் செய்து, வாயருகே கொண்டுபோகிறாள். "அரளி விதைங்க, சிஸ்டர்!" என்று தென்னரசு போனில் கத்துகிறான். டாக்டரைக் கூப்பிட்டுக்கொண்டு நர்ஸ் ஓடும் செருப்புச் சத்தம் கேட்கிறது. வேணியின் கைகள் நிற்கவில்லை. "இன்னாடா சொல்றாங்க?" என்கிறாள் நிலோஃபர். "பொழச்சிக்குமான்னு கேக்குறாங்கக்கா." டாக்டரைக் கூப்பிட ஓடுகிறார்கள் என்பதை மட்டும் தென்னரசின் கைகள் வேணிக்குச் சொல்கின்றன.