மூணாவது தடவை திறந்த குழாய்

"அம்மா, இது அதே குழாய்தானே?"

"மெதுவா பேசுடி."

"போன மாசம் கவுன்சிலர் வந்து திறந்தாரு. அதுக்கு முந்தின மாசமும் திறந்தாரு. இன்னைக்கு மறுபடியும் இதையே திறக்கறாரு. நம்மளை என்ன கேனைங்கன்னு நினைச்சாரா?"

தெருமுனையில ஒரே கூட்டம். முழங்கால் உயரக் குழாய்க்குச் சிவப்பு ரிப்பன். பக்கத்துல மாடி உயரத்துக்கு கவுன்சிலரோட பேனர். அதுல கையை நீட்டி எதையோ காட்டறாரு. என்னத்தைன்னு அவருக்கே தெரியாது.

வீட்டுல அக்கா பச்சக் குழந்தையோட இருக்கா. குளிப்பாட்ட ஒரு சொட்டுத் தண்ணி இல்ல. அழுக்குத் துணி மூட்டை மூட்டையா கிடக்கு. இங்க அம்மா கையில பூங்கொத்து!

"அதை நீயா குடுக்கப் போற? வெக்கமா இல்ல?"

"இல்ல."

கவுன்சிலர் மைக்கைப் பிடிச்சாரு. "உங்க தாகம்தான் என் தாகம்!"

உடனே கூட வந்த ஆள் பாட்டில் தண்ணியைத் திறந்து அவர்கிட்ட நீட்டினான்.

என்னால தாங்க முடியல. "சார், ஒரு கேள்வி!"ன்னு முன்னாடி பாய்ஞ்சேன்.

அம்மா என் வாயைப் பொத்திட்டாங்க. நிஜமாவே கையால பொத்திட்டாங்க. "சந்தோஷத்துல உளறுறா சார். நீங்க திறங்க."

அவருக்குப் பூரிப்பு தாங்கல. ரிப்பனை வெட்டி, குழாயைத் திருகி, கொட்டின தண்ணியை அள்ளி முகத்துல தெளிச்சுக்கிட்டாரு. போட்டோக்காரர் "சரியா விழல சார்"னாரு. திரும்பவும் தெளிச்சுக்கிட்டாரு.

தெருவே கைதட்டுச்சு. விசில் வேற!

கார் திரும்பினதுதான் தாமதம், அத்தனை பேரும் குடமும் வாளியுமா குழாய்கிட்ட ஓடினாங்க.

"சூடு சொரணையே கிடையாதாம்மா உனக்கு?"

அம்மா ஒரு வாளியை என் கையில திணிச்சாங்க. "அவர் வந்து திறக்கற அன்னைக்கு மட்டும்தான்டி குடிதண்ணி ஆபீஸ்காரங்க நம்ம தெருவுக்குத் தண்ணி விடறாங்க. வாய் பேசாம புடி."

நான் வாளியோட கூட்டத்துக்குள்ள புகுந்தேன்.

அதுக்குள்ள எதிர் வீட்டு அத்தை இடிச்சுத் தள்ளிக்கிட்டு முன்னாடி வந்தாங்க.

"அண்ணி, தெருவோட அந்தக் கோடியில இருக்கற பழைய குழாய்க்கு நானே பெயின்ட் அடிச்சு வெச்சுட்டேன். வியாழக்கிழமை திறந்து வைக்க வர்றேன்னு கவுன்சிலர் ஒத்துக்கிட்டாரு!"