வாஷிங் மிஷின் அம்மா

"உனக்கெல்லாம் யாரு வேலை குடுத்தா? மிஷின்ல தண்ணி நிக்குதுன்னு தொண்டை கிழியக் கத்தறேன். போனை மட்டும் வச்சே, பாத்துக்கோ."

இரவல் ஹெட்போனில் கேட்டுக்கொண்டிருந்த பேராசிரியருக்கு ரத்தம் கொதித்தது. திட்டு விழுந்தது என்னவோ பக்கத்து நாற்காலிப் பெண்ணுக்குத்தான்.

இந்தக் காலத்து வேலைகள் மனிதர்களை என்ன பாடு படுத்துகின்றன என்று ஆராயும் சமூகவியல் பேராசிரியர் அவர். அதற்காகவே வாடிக்கையாளர் புகார்களைக் கேட்கும் இந்த அலுவலகத்தில் முகாம். வரிசையாக மேஜைகள், பாதிக்கு மேல் காலி.

அந்தப் பெண் முகம் சுளிக்காமல் "சரிம்மா, புரியுதும்மா" என்றே அரை மணி நேரம் ஓட்டினாள். போனை வைத்ததும் ஒரு பாட்டில் தண்ணீரை மடமடவென்று குடித்தாள்.

திட்டியவருக்கு இங்கே வாஷிங் மிஷின் அம்மா என்று பெயராம். கூப்பிட்டால் இவளைத்தான் கேட்பாராம். மெக்கானிக்கை அனுப்பட்டுமா என்றால் மட்டும், அதெல்லாம் வேண்டாம், முதலில் பதில் சொல் என்று இன்னும் எகிறுவாராம்.

"இவங்க மட்டுமா சார்? ஃபேன் மாமா, ஃப்ரிட்ஜ் அக்கான்னு ஒரு பட்டாளமே இருக்கு."

பேராசிரியருக்கு இருப்புக்கொள்ளவில்லை. திட்டு வாங்குகிறவரைப் பார்த்தாயிற்று, திட்டுகிற மகராசியையும் பார்த்துவிடலாம் என்று கிளம்பினார். விலாசம் தேட வேண்டியிருக்கவில்லை. அதைத்தான் அந்தம்மா போனில் ஊருக்கே கேட்கும்படி சொல்கிறாரே. நறுக்கென்று நாலு கேள்வி கேட்பதாக வழியெல்லாம் ஒத்திகை.

கதவைத் திறந்த அம்மா பேசிய மெதுவில், அவருக்குக் குரல் என்று ஒன்று இருக்கிறதா என்றே பேராசிரியருக்குச் சந்தேகம் வந்தது. தாம் யாரென்று இவர் சொன்னதும், அந்தம்மா உட்காரச் சொல்லி டீ போட்டுக் கொடுத்தார். குளியலறை வாசலில் ஒரு வாளியும் துணி துவைக்கிற பிரஷும் கிடந்தன.

"வாஷிங் மிஷின் எங்கம்மா?"

"அதை எடைக்குப் போட்டு வருஷக்கணக்கா ஆச்சு, தம்பி."

"அப்புறம் எதுக்கு அந்தப் பொண்ணைப் போட்டு வறுக்கறீங்க?"

அந்தம்மா கொஞ்சம் வெட்கப்பட்டார். மிஷின் நிஜமாகவே மக்கர் செய்த காலத்தில் அவள்தான் பொறுமையாக வழி சொன்னாளாம். இப்போதெல்லாம் கம்ப்யூட்டரே பதில் சொல்கிறது, தன்னிடம் வரும் போன் குறைந்தால் தன் சீட்டையும் எடுத்துவிடுவார்கள் என்று ஒருநாள் வாய்தவறிச் சொல்லிவிட்டாளாம்.

"அதுக்கு அன்பா நாலு வார்த்தை பேசலாமே."

"அன்பா பேசினா கம்ப்யூட்டரே பேசி முடிச்சுடுது, தம்பி. கத்தினாத்தான் மனுஷங்ககிட்ட அனுப்புது. நடுவுல குரலை இறக்கினாலும் திரும்ப அதுவே வாங்கிக்குது."

ஒத்திகை பார்த்த கேள்விகள் டீயோடு சேர்ந்து பேராசிரியரின் தொண்டைக்குள் இறங்கிவிட்டன.

அந்தம்மா அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"இந்தத் தெருவுல நாங்க ஆளுக்கொரு நாள் பிரிச்சுக்கிட்டோம். வியாழக்கிழமைக்குத்தான் ஆள் கிடைக்கலை. உங்களுக்குச் சண்டை போட வருமா?"