மாடியில் வாசிப்பவர்

அஸ்தம்பட்டியில் எங்கள் தெருக் கடைசி வீட்டில் பேராசிரியர் நல்லுசாமி தனியாக இருக்கிறார். நவீனக் கவிஞர்களை ஆராய்ந்து புத்தகம் எழுதுகிறவர். செத்த கவிஞர்களைத்தான் எடுப்பார். எதிர்த்துப் பேச மாட்டார்கள் அல்லவா? எழுதியதை மாடி ஜன்னலோரம் உட்கார்ந்து உரக்க வாசித்துப் பார்ப்பார். நான் ஒட்டுக் கேட்பதில்லை. காது அது பாட்டுக்குக் கேட்கும்.

போன மாதம் கவிஞர் ஆரோக்கியத்தை எடுத்தார். அந்த ஆரோக்கியத்தின் மனைவி ஜெபமலர் எதிர்வீட்டில்தான் இருக்கிறார். அதற்காகக் குரலைத் தணிப்பாரா? "அத்தனையும் இரவல் கவிதை" என்று தெருவுக்கே வாசித்தார்.

ஜெபமலர் பேராசிரியர் வீட்டு கேட்டைப் பிடித்துக்கொண்டு கத்தினார்: "ஏனுங்க சார், கல்லறைக்குப் போனவரு பதில் சொல்ல மாட்டாருன்னுதானே இந்தத் துணிச்சல்? அந்தப் பக்கத்தைக் கிழிச்சுப் போடுங்க!"

"அவரையே வந்து கிழிக்கச் சொல்லுங்கம்மா" என்று சிரித்தார் பேராசிரியர்.

மறுநாள் காலை அவர் பால் வாங்க வந்து என் பக்கத்தில் நின்றார். அப்போது அவர் வீட்டு மாடியில் யாரோ வாசிக்கத் தொடங்கினார்கள். கரகரத்த குரல், நடுநடுவே இருமல். ஆரோக்கியம் போனதிலிருந்து தெருவில் கேட்காத குரல். எதிரே ஜெபமலர் துடைப்பத்தைப் போட்டுவிட்டுச் சிலுவை போட்டுக்கொண்டார்.

"என்னங்க சார், ஊட்ல விருந்தாளிங்களா?" என்றேன்.

மேலே குரல் நிதானமாக அடுத்த அத்தியாயத்தின் தலைப்பை வாசித்தது: "பேராசிரியர் நல்லுசாமியின் கடைசி நாட்கள்."

முழுக்கக் கேட்டுவிட்டே போகலாம் என்று நானும் நின்றேன். மிகச் சிறிய அத்தியாயம்.