முப்பது கிராம் மூலிகை

"கஞ்சாங்கற வார்த்தையை மட்டும் அங்க வாயில எடுத்துடாதீங்க" என்றாள் மதுரம், கார் வடுவூரைத் தாண்டும்போது.

சாம்பசிவம் தலையாட்டினார். தஞ்சாவூரில் ஏறியதிலிருந்து அவள் இதையேதான் சொல்லிக்கொண்டு வந்தாள். அவள் மேலும் தப்பில்லை. கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர் அவர். யார் எதைக் கேட்டாலும் சரியான விடையைச் சொல்லிவிடும் வியாதி இன்னும் போகவில்லை. அந்த வியாதியால்தான் போன வருஷம் ஒரத்தநாட்டுச் சம்பந்தம் கைநழுவிப் போனது.

மகன் விஸ்வா டொரன்டோவில் கஞ்சாக் கடை வைத்திருந்தான். ஒளித்து மறைத்து அல்ல. அரசாங்க லைசென்ஸ், கண்ணாடிக் கதவு, சிரித்த முகமாக பில் போட ஒரு பெண் என்று எல்லாம் முறைப்படி. அந்த நாட்டில் அதற்குச் சட்டமே இடம் கொடுத்துவிட்டது. ஆனால் காவிரிக்கரையில் பெண்ணைப் பெற்ற எவரிடம் போய் இதை விளக்குவது? ஆகவே ஊருக்கு அது மூலிகைக் கடை.

வந்த ஜாதகங்களையெல்லாம் தட்டிக்கழித்துக்கொண்டே இருந்த பையன், மன்னார்குடி ஸ்ம்ருதியின் ஜாதகத்தைப் பார்த்ததும், உடனே போய்ப் பேசி முடியுங்கள் என்றுவிட்டான். பெண்ணுக்கும் கனடாவில்தான் வேலை. விடுமுறையில் வந்திருந்தாள். அப்பா தியாகேசன் அரசாங்க உத்தியோகத்தில் இருந்தவர் என்று தரகர் சொல்லியிருந்தார். என்ன உத்தியோகம் என்று இவர்களும் கேட்கவில்லை.

கூடத்தில் நுழைந்ததும் தெரிந்துவிட்டது. சுவரில் காக்கிச் சட்டையில், கமிஷனர் போன்ற யாரோ ஒருவர் கையால் பதக்கம் வாங்கிக்கொண்டிருந்தார் தியாகேசன்.

"போதைத் தடுப்புப் பிரிவுல இன்ஸ்பெக்டரா இருந்தேன்" என்றார் அவர்.

சாம்பசிவம் வாயருகே கொண்டுபோன கேசரியைத் திரும்பத் தட்டிலேயே வைத்தார்.

தியாகேசன் உற்சாகமான மனிதர். வைக்கோல் லாரிக்குள்ளும், கோடியக்கரைப் படகுகளிலும், ஒரு தடவை கல்யாணச் சீர்வரிசைப் பீரோவுக்குள்ளும் தாம் மூட்டை மூட்டையாகக் கஞ்சா பிடித்த கதைகளை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டார். நம் நாட்டுச் சட்டத்தையும் விளக்கினார். ஒரு கிலோ வரைக்கும் சின்ன அளவு, அதற்கே ஜெயில் உண்டு. இருபது கிலோவுக்கு மேல் போனால் பத்து வருஷத்துக்குக் குறையாது என்றார். மதுரம் ஒவ்வொன்றுக்கும் ரொம்ப நல்லது, ரொம்ப நல்லது என்று சொல்லிக்கொண்டிருந்தாள். வேறென்ன சொல்வது என்று அவளுக்குத் தெரியவில்லை.

கடைசியில் பேச்சு மாப்பிள்ளையின் கடைக்கு வந்தது. என்னென்ன மூலிகை என்று கேட்டார் தியாகேசன். துளசி, ஓமவல்லி, தூதுவளை என்று மதுரம் கணவரை முந்திக்கொண்டாள்.

"நல்லதாப் போச்சு. எனக்கு ஓயாத சளி. அடுத்த தடவை பொண்ணு வரும்போது மாப்பிள்ளை கடையிலேருந்து ஒரு ரெண்டு கிலோ வாங்கிட்டு வரச் சொல்றேன்."

சாம்பசிவம் எவ்வளவோ அடக்கிப் பார்த்தார். முடியவில்லை.

"ரெண்டு கிலோ கொடுக்க மாட்டாங்க சார். ஒரு ஆளுக்கு முப்பது கிராம்தான்."

"தூதுவளைக்கா?"

மதுரம் அவர் தொடையைக் கிள்ளினாள். அந்த வலியிலும் அவர் வாய் நிற்கவில்லை.

"பத்தொன்பது வயசும் ஆகியிருக்கணும். அடையாள அட்டை பாத்துட்டுத்தான் கொடுப்பாங்க."

தியாகேசன் முகத்திலிருந்து சம்பந்தி போய் இன்ஸ்பெக்டர் வந்து உட்கார்ந்தார். அது என்ன மூலிகை என்று நிதானமாகக் கேட்டார்.

இனி மறைத்துப் பயனில்லை. சாம்பசிவம் எல்லாவற்றையும் சொன்னார். சொல்லச் சொல்ல, என்னவோ பாரம் இறங்கியது போலிருந்தது. குரல்கூட வகுப்பறைக் குரலாக நிமிர்ந்துவிட்டது.

"என் பையன் சட்டத்தை மீறினது கிடையாது சார். முப்பத்தோராவது கிராம் கேட்டா, பெத்த அப்பன் எனக்கே கொடுக்க மாட்டான்."

தியாகேசன் எழுந்து கைகூப்பினார். கோபமாகக்கூட இல்லை, வருத்தமாகத்தான் சொன்னார்.

"நீங்க நல்ல மனுஷன் சார். ஆனா காலம் பூரா நான் தேடிப் பிடிச்ச சரக்கை விக்கிறவருக்கு என் பொண்ணைக் கொடுக்க முடியாது. மன்னிச்சுக்குங்க."

மதுரம் கைப்பையை எடுத்துக்கொண்டாள். மகனுக்கு முப்பத்தைந்து நடக்கிறது. இதுவும் போயிற்று என்று நினைத்தபோது அவளுக்குக் கண் கலங்கியது.

அப்போதுதான் உள்ளேயிருந்து ஸ்ம்ருதி வந்தாள். பட்டுப்புடவை, தலை நிறையப் பூ. நேராகச் சாம்பசிவத்திடம் வந்து நின்றாள்.

"மாமா, ஒரு சின்னத் திருத்தம். முப்பது கிராம்ங்கறது ஒரு தடவை வாங்கறதுக்கும், வெளியில எடுத்துட்டுப் போறதுக்கும்தான். வீட்டுல வெச்சுக்கறதுக்கு அந்தக் கட்டுப்பாடு கிடையாது. விஸ்வா உங்களுக்குச் சரியாச் சொல்லலை போலிருக்கு."

சாம்பசிவம் தம்மையறியாமல் நன்றி சொன்னார். தியாகேசன் மகளையே பார்த்தார். இதெல்லாம் உனக்கு எப்படித் தெரியும், அதுவும் பேர் சொல்லிக் கூப்பிடுகிற அளவுக்கு அந்தப் பையன் உனக்கு யார் என்று கேட்பதற்குள் அவர் குரல் பாதியில் இறங்கிவிட்டது.

ஸ்ம்ருதி அப்பாவைக் கைபிடித்து உட்கார வைத்து, தானும் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டாள்.

"அவர் கடைக்கு வர்ற சரக்குல பாதி, நான் மேனேஜரா இருக்கற பண்ணையில விளையறதுதாம்பா. அதை விக்கிற மாப்பிள்ளையே வேண்டாம்னா, பயிர் பண்ற பொண்ணை யாருப்பா கட்டிக்குவாங்க?"