பேருக்கு முன்னால் ஒரு வார்த்தை

லத்திபா ப்ரூஃப் தாளைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனாள், தள்ளிப் பிடித்தாள், மறுபடியும் கிட்டே கொண்டுவந்தாள்.

மகள் ஷர்மினின் கல்யாணப் பத்திரிகை. மணமகளின் பேருக்குக் கீழே அவளுடைய அத்தாவின், அதாவது லத்திபா புருசனின் பேர். அந்தப் பேருக்கு முன்னால், நிற்கக் கூடாத ஒரு வார்த்தை வந்து நின்றது.

மர்ஹூம் அப்துல் ரஹீம்.

"ஏந்தம்பி, உசுரோட இருக்கிற மனுசனைச் சாகடிச்சிட்டியே!"

கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்த கர்ணன் திரும்பவில்லை. "அப்படியாக்கா? மரியாதைக்குப் போடுறதுன்னுல்ல நெனச்சேன். எங்காளுக உயர்திருன்னு போடுவோமே, அந்த மாதிரி."

லத்திபாவுக்குச் சிரிப்புதான் வந்தது. சிரிக்கத் தெம்பில்லை. காலையிலிருந்து உத்தமபாளையம் முழுக்க நடந்தாகிவிட்டது. மண்டபம், சமையல்காரர், தையல் கடை. கடைசியாக இந்த அச்சகத்தின் மாடிப்படி. பிளாஸ்டிக் நாற்காலி ஒன்றை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"ரஹ்மத்துன்னா இரக்கம், தம்பி. ஆண்டவனோட இரக்கத்துக்குள்ள போய்ச் சேந்தவுகதான் மர்ஹூம். மௌத்தானவுகளுக்குத்தான் அதைப் போடுறது."

"அப்ப ரஹீம்னா?"

"அதுவும் அதே இரக்கந்தான். இரக்கமுள்ளவன்னு அர்த்தம். அந்த இரக்கமுள்ளவனுக்கு அடிமைன்னு அவுகளுக்குப் பேரு." முக்காட்டு நுனியால் கழுத்தைத் துடைத்தாள். "பேருல இருந்ததுல ஒரு சொட்டு எங்க பக்கமும் தெளிச்சிருக்கலாம்."

ஷர்மின் மூன்றாம் வகுப்பு படிக்கும்போது, கூடலூர் வரைக்கும் போய்விட்டு வருகிறேன் என்று ஜீப் ஏறியவர். குமுளியில் ஏலக்காய் வியாபாரம், அங்கேயே இன்னொரு குடும்பம் என்று பிறகு தெரிந்தது. தலாக்கும் சொல்லவில்லை, திரும்பி வரவும் இல்லை.

பொண்ணோட அத்தா எங்கே?

இருக்காக.

எங்கன இருக்காக?

குமுளியில.

கல்யாணத்துக்கு வருவாகளா?

அதோடு அவளிடம் இருந்த பதில் தீர்ந்துபோகும். மண்டபக்காரர் கேட்டாயிற்று, தையல்காரி கேட்டாயிற்று. கல்யாணத்தன்று கம்பத்திலிருந்து வேன் பிடித்து வருகிற மாப்பிள்ளை வீட்டு ஜனம் முழுக்க வாசலில் வைத்துக் கேட்கும். அதை நினைத்தே அவள் தூக்கம் போயிருந்தது.

"அப்ப அந்த வார்த்தைய எடுத்துரவாக்கா?" மவுஸைத் தொட்டானே தவிர, கர்ணன் அழுத்தவில்லை.

"எடுக்காம? புருசன் மௌத்துன்னு ஊருக்குச் சொன்னா நான் இத்தா இருக்கணும்ப்பா. மாசக்கணக்கா வீட்டை விட்டு வெளிய வரக் கூடாது. மக கல்யாணத்துக்கு என்னய ரூமுக்குள்ள பூட்டிருவ போலருக்கே."

கர்ணன் சிரிக்கவில்லை. இந்த மாதிரிப் பேச்சுக்கு எப்போதும் முதல் ஆளாகச் சிரிக்கிறவன்.

லத்திபா அவனுடைய பிடரியையே பார்த்தாள்.

"ஏலே கர்ணா. போன வருசம் எங்கண்ணன் வீட்டுப் பத்திரிகையில, 'உங்க அத்தா பேருக்கு மர்ஹூம் விட்டுப்போச்சே, சேத்துரவா'ன்னு போன் போட்டுக் கேட்டது யாரு?"

அவன் தலையைச் சொறிந்தான்.

"யாரு போடச் சொன்னா? ஷர்மினா?"

"இல்லக்கா."

"மாப்பிள்ளை வீட்லயா?"

"இல்லக்கா. நேத்து அவுகதான் வந்தாக."

"எவுக?"

கர்ணன் திரையிலிருந்த பேரைக் காட்டினான்.



"பத்திரிகை இங்கன அடிக்கிறாகன்னு யாரோ சொல்லியிருக்காக. படியேறி வந்து மூச்சு வாங்க நின்னாக. நான் செத்துட்டதாப் போட்டுருப்பா, அப்புறம் அவளை யாரும் ஒண்ணும் கேக்க மாட்டாக, பதில் சொல்லிச் சொல்லிச் சலிச்சிருப்பான்னாக. நீங்க கண்டுபிடிச்சுக் கேட்டா, அச்சுக்காரன் தப்புன்னே இருக்கட்டும்னாக."

லத்திபா தாளை மடியில் வைத்தாள். ஒரு விரலால் அந்த வார்த்தையை மறைத்துப் பார்த்தாள். விரலை எடுத்துப் பார்த்தாள்.

மறைத்தால், வாசலில் நின்று இனியும் பதில் சொல்ல வேண்டும். விட்டுவிட்டால், யாரும் கேட்கப் போவதில்லை. இத்தனை வருசத்தில் அந்த மனுசன் அவளுக்காக யோசித்தது இது ஒன்றுதான்.

"டீ வாங்கிக் குடுத்தியா?"

"குடுத்தேங்க்கா. கையி நடுங்குது. பாதியச் சிந்திட்டாக."

அவள் தாளை மேசையில் வைத்தாள்.

"எடுத்துரு தம்பி."

"யக்கா, அவுக சொல்றதுலயும் ஒரு..."

"பதில் சொல்றது எனக்கென்ன புதுசா?"

முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். முதல் படியில் கால் வைத்தவள், கைப்பிடியைப் பற்றியபடி நின்றாள்.

"மறுபடியும் வந்தாகன்னா, மேடைப் பக்கம் வர வேணாம்னு சொல்லு."

"சரிக்கா."

"மத்தியானம் லுஹர் தொழுகை முடிஞ்சதும் பந்தி போட்டுருவாக. சாப்பிட்டுப் போகச் சொல்லு."